கிந்தன் ஏறிய ரயில்

அரசனாக வந்து வாள் சுழற்றுபவன் நடிகன். அழுது புரண்டு அவையை உருக்குபவன் பெரும் நடிகன். சிரிக்க வைப்பவனோ வெறும் கோமாளி! நாடகமேடை நெடுங்காலமாக வகுத்து வைத்திருந்த வருணாசிரமம் இது. அந்தக் கோமாளி நடிப்பதோடு நில்லாமல், கதை அமைக்கவும் காட்சி வகுக்கவும் படம் இயக்கவும் துணிந்தால், அவன் எதைக்கொண்டு படைத்தான், எப்படிப் படைத்தான் என்று எண்ணிப் பார்க்கும் பழக்கம் நம்மிடையே இல்லை. கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனைப்பற்றி நாட்டிலே உலவும் கதைகளை எண்ணிப் பாருங்கள். அள்ளிக் கொடுத்தார், கேட்டவருக்கும் கொடுத்தார், கேளாதவருக்கும் கொடுத்தார் என்பவையே அவற்றில் முக்கால் பங்கு. உண்மைதான், மறுப்பாரில்லை. ஆனால் கொடுத்த கையைப் போற்றுகிற வேகத்திலே, அந்தக் கை செய்த தொழிலை நாம் பார்க்காமலே விட்டுவிட்டோம்.

அந்தத் தொழிலைப் பார்க்கவேண்டிய தேவை நமக்கு இருக்கிறது. காந்திகிராமத்தைச் சுற்றியுள்ள சிற்றூர்களிலும், அதை அடுத்த சின்னாளப்பட்டியின் நெசவாளர் தெருக்களிலும் சீர்திருத்த நாடகம் போட முனையும் இளைஞர்கள், நம்மிடம் திரும்பத் திரும்ப ஒரே குறையைச் சொல்கின்றனர். மூடநம்பிக்கையைச் சாடி இருபது பக்கத்துக்கு உரையாடல் எழுதுகிறோம். தொண்டை நோகப் பேசுகிறோம். கூட்டமோ கொட்டாவி விடுகிறது, கோமாளி வந்தால் மட்டும் நிமிர்ந்து உட்காருகிறது என்கின்றனர். மக்களுக்கு அறிவு வேட்கை இல்லை என்று சலித்துக்கொள்வோரும் உண்டு. தோழர்களே, மக்களின்மேல் பழி போடுவது எளிது. ஆனால் அதே மக்கள், அதே கருத்துக்களை, காசு கொடுத்து, கொட்டகை நிரம்பக் கேட்டார்களே, எப்படி? கோமாளி வந்தபோது நிமிர்ந்த கூட்டத்தைக் கோமாளி போனபிறகும் சிந்திக்க வைத்த மனிதர் ஒருவர் இருந்தாரே, அவர் கையாண்ட முறை எது?

அதற்கு முதலில் அந்தக் கோமாளியின் குலமரபைப் பார்க்கவேண்டும். வடமொழி நாடகத்தின் விதூடகன் தின்பண்டத்துக்கு அலையும் அரசனின் தோழன். நம் தெருக்கூத்தின் கட்டியங்காரன் அவனைவிடக் கெட்டிக்காரன். அரசனுக்குக் கட்டியம் கூறிக்கொண்டே அரசனைக் கிண்டல் செய்வான். மதுரை, திண்டுக்கல் வட்டாரத்துத் திருவிழாக்களிலே விடிய விடிய நடக்கும் ஸ்பெஷல் நாடகத்தில் அவனுக்குப் பெயர் பபூன். வள்ளி திருமணமோ, பவளக்கொடியோ, எந்தக் கதையாயினும் முதலில் மேடைக்கு வருபவன் அவனே. கதைக்கும் அவனுக்கும் தொடர்பு வேண்டியதில்லை. முருகன் கதை நடக்கும் இரவிலே அவன் மின்சாரக் கட்டணத்தைப்பற்றிப் பேசலாம், ஊர்த் தலைவரைச் சீண்டலாம், யாரும் கேட்கமாட்டார்கள். கதாநாயகனுக்கில்லாத உரிமை அவனுக்கு உண்டு: கதைக்கு வெளியே நின்று பேசும் உரிமை. ஆனால் அந்த உரிமையைப் பெரும்பாலான பபூன்கள் எதற்குச் செலவிட்டார்கள்? நடனமாட வரும் பெண்ணை இழித்துரைப்பதற்கும், குருடன் நொண்டி என்று உறுப்புக் குறையைக் கேலி செய்வதற்கும் செலவிட்டார்கள். கையிலே கூர்வாளைக் கொடுத்தால் அதைக்கொண்டு கீரை நறுக்கியது போலத்தான்!

அந்த வாளை வாங்கிக் கூர்தீட்டியவர் நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியிலே, 1908 நவம்பர் 29 அன்று, ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். அன்று நாஞ்சில் நாடு திருவிதாங்கூர் மன்னராட்சியின் கீழ் இருந்தது. கூப்பிடு தூரத்திலே சுசீந்திரம். அங்கே கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் நடக்கும் உரிமைக்காக 1926-லும், பிறகு 1930-லும் தாழ்த்தப்பட்டோர் போராடவேண்டியிருந்தது. கோயிலுக்குள் நுழைவதற்கன்று, தெருவிலே நடப்பதற்கு! நடக்கும் சாலைக்கே சாதி பார்த்த நாட்டில் வளர்ந்த ஒரு பிள்ளை, பிற்காலத்தில் சாதி பார்க்காத வண்டி ஒன்றைப்பற்றிப் பாடியதில் வியப்பென்ன?

நாஞ்சில் நாட்டின் மற்றொரு செல்வம் வில்லுப்பாட்டு. கோயில் கொடை விழாக்களில் சுடலைமாடன் கதையும் முத்துப்பட்டன் கதையும் பாடப்படும் கலை அது. நீண்ட வில்லின் நாணிலே மணிகள் கட்டி, வீசுகோலால் தட்டி, குடமும் உடுக்கையும் ஒலிக்க, புலவர் கதை சொல்லுவார். அவருக்கு எதிரே இருப்பவர் ‘ஆமாம்’ போடுவார். அந்த ‘ஆமாம்’ வெறும் தலையாட்டல் அன்று. சில இடத்தில் ஐயம் கேட்பார். சில இடத்தில் அப்படியா என்று வியப்பார். கேட்போர் மனத்திலே எழும் கேள்வி அவர் வாயிலிருந்து வரும். பேசுபவன் ஒருவன், கேட்பவர் ஆயிரவர் என்றிராமல், கேட்போரின் பேராளர் ஒருவர் மேடையிலேயே அமர்ந்திருக்கிறார். கலைவாணரின் கலை முழுவதும் இந்த அமைப்பிலிருந்தே கிளைத்தது என்பது நம் கருத்து. பின்னாளில் அவர் வில்லை மீண்டும் கையில் எடுத்தபோது தெய்வக் கதைகளை விட்டுவிட்டுக் காந்தியாரின் வாழ்வைப் பாடினார். வில்லுப்பாட்டைக் கோயில் மதிலுக்கு வெளியே கொண்டுவந்து பொதுமேடையில் அமர்த்தியவர்களில் அவர் முதன்மையானவர்.

சிறுவயதில் கூலி வேலைகள் பல பார்த்துவிட்டு, டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்தார். அங்கிருந்து திரைக்கு வந்த வழி பலரும் அறிந்ததே: 1935-இல் ‘மேனகா’, 1936-இல் ‘சதி லீலாவதி’. அதே 1936-இல் ‘வசந்தசேனா’ படத்துக்காகப் பூனா சென்றபோதுதான் டி.ஏ. மதுரம் அம்மையாருடன் இணைந்தார். அந்த இணைப்பின் கலைப்பயனைப் பிறகு பார்ப்போம்.

இப்போது கவனிக்கவேண்டியது, 1930-களின் இறுதியிலே தமிழ்ப்படங்கள் உருவான விதம். புராணக்கதை ஒன்றை எடுப்பார்கள். நாற்பது ஐம்பது பாடல்களைக் கோப்பார்கள். நடுவே கூட்டத்துக்கு இளைப்பாறல் வேண்டுமே என்று ‘காமிக்’ என்ற பெயரில் ஏதோ ஒன்றைச் செருகுவார்கள். அந்தச் செருகலைக் கிருஷ்ணன் தம் பொறுப்பிலே எடுத்துக்கொண்டார். நகைச்சுவைப் பகுதியின் கதை அவருடையது, உரையாடல் அவருடையது, நடிப்போரைத் தெரிந்தெடுப்பவர் அவர், எப்படி நடிக்கவேண்டும் என்று சொல்லிக் கொடுப்பவரும் அவரே. அவருக்கென்று ஒரு குழு இருந்தது. புளிமூட்டை இராமசாமி போன்றோர் அதில் வளர்ந்தனர். முதன்மைப் படத்தின் இயக்குநர் ஒருபுறம் தம் வேலையைப் பார்ப்பார்; இவர் மறுபுறம் தம் பகுதியை எடுத்து முடித்துக் கொடுப்பார்; இரண்டையும் ஒட்டிவிடுவார்கள்.

திறனாய்வாளர்கள் இந்த முறையைக் குறை கூறுவதுண்டு. படத்தின் ஓட்டத்தைக் கெடுக்கிறது, கதையோடு ஒட்டவில்லை என்பர். கலை இலக்கணப்படி அது சரியாயிருக்கலாம். ஆனால் சற்று மாற்றி நோக்குங்கள். பத்தாயிரம் அடி நீளமுள்ள பக்திப் படத்துக்குள் இரண்டாயிரம் அடிக்கு ஒரு பகுத்தறிவுப் படத்தை வைத்து, முதலாளியின் செலவிலேயே, பக்தர்களின் காசிலேயே, ஊரூராக ஓடவிட்ட மனிதர் வேறு எவர்? கண்ணன் குழலூதும் படத்திலே, அடுத்த காட்சியில் கள்ளச்சாமியாரின் சடை அவிழும். கதை தனியாக இருந்ததால்தானே கருத்தும் தனியாக நிற்க முடிந்தது! அவர் 1951-இல்தான் இயக்குநர் ஆனார் என்று பட்டியல்கள் கூறும். பட்டியல் போடுவோர் படத்தின் தலைப்பிலே பெயரைத் தேடுகின்றனர். நாம் சொல்லுவோம்: அவர் அதற்குப் பத்தாண்டுகளுக்கு முன்பே படைப்பாளி, படத்துக்குள் படம் எடுத்த படைப்பாளி.

அவர் தம் கதையை எங்கே தேடினார் என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு. 1940-இல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சகுந்தலை’. எம்.எஸ். சுப்புலட்சுமி சகுந்தலை, ஜி.என். பாலசுப்பிரமணியம் துஷ்யந்தன். இருவரும் இசைமேதைகள், பாட்டுக்குப் பஞ்சமில்லை. காளிதாசனின் கதையிலே அரசன் உண்டு, முனிவர் உண்டு, தோழியர் உண்டு. உழைப்பாளி என்று பார்த்தால் ஒரே ஒருவன், மோதிரத்தை மீன் வயிற்றிலே கண்டெடுக்கும் செம்படவன். காளிதாசன் அவனைச் சிறிது நேரம் மேடையில் நிறுத்தி, காவலரிடம் உதைபட வைத்து, அனுப்பிவிடுகிறான். கிருஷ்ணன் அந்தச் செம்படவனைப் பிடித்துக்கொண்டார்! அவரும் டி.எஸ். துரைராஜும் செம்படவர்களாக வந்து போடும் சண்டை, படம் பார்த்தவர்களின் நினைவிலே அரசனின் பாட்டுக்கு ஈடாக நின்றது. பழங்கதையின் மாளிகையிலே வேலைக்காரர் நுழையும் பின்வாசல் எங்கே இருக்கிறது என்று தேடுவது, அது கிடைத்ததும் அதன் வழியே தம் மக்களை உள்ளே அழைத்து வருவது, இதுவே அவர் முறை.

மற்றொன்று, தலைகீழாக்குவது. 1941-இல் வந்த ‘சந்திரஹரி’ பம்மல் சம்பந்த முதலியாரின் நாடகம். பொய்யே சொல்லாத அரிச்சந்திரனைத் திருப்பிப் போட்டால் மெய்யே சொல்லாத சந்திரஹரி. கரு முதலியாருடையதுதான். ஆனால் அதன் விளைவைக் கிருஷ்ணன் நன்கு கற்றுக்கொண்டார். அரிச்சந்திரன் கதை பொய் என்று ஒருவன் மேடையேறி முழங்கினால் பாதிக் கூட்டம் கல்லெடுக்கும். அதே கதையைத் தலைகீழாக நடித்துக் காட்டினால் முழுக்கூட்டமும் சிரிக்கும். சிரித்தவன் வீட்டுக்குப் போய்ப் பழைய கதையை நினைக்கும்போது, அதன் அடுக்கு எப்படிக் கட்டப்பட்டது என்பது தெரிந்துபோகும். மாயவித்தைக்காரனின் பெட்டிக்குள் இருக்கும் இரகசிய அறையை ஒருமுறை பார்த்தவன் மறுமுறை ஏமாறமாட்டான் அல்லவா?

மதுரம் அம்மையாருக்கு வருவோம். பபூனுக்கு எதிரே வரும் பெண், ஸ்பெஷல் நாடகத்திலே அடிவாங்கும் பொருள். கிருஷ்ணன்–மதுரம் இணையில் அந்த ஏற்பாடு முறிந்தது. வில்லுப்பாட்டின் ‘ஆமாம்’ போடுபவரின் இடத்தில் மதுரம் அமர்ந்தார். கணவன் அளப்பான், மனைவி கேள்வி கேட்பாள். அல்லது மனைவி அறிவியலைப் பேசுவாள், கணவன் விழிப்பான். சில படங்களில் கணவன் முட்டாள், மனைவி அறிவுடையவள். அதைக் கண்டு ஆண்கள் சினக்கவில்லை, சிரித்தார்கள். பாடல்களுக்கு உடுமலை நாராயண கவி துணை நின்றார். நாட்டுப்புற மெட்டில் பகுத்தறிவைப் பொதியவைக்கும் ஆற்றல் அந்தக் கவிஞருக்கு இருந்தது. இந்த மூவரையும் பிரித்துப் பார்ப்பது கடினம். கலைவாணர் என்ற ஒற்றைப் பெயருக்குள் மதுரம் அம்மையாரின் பங்கை மறைத்துவிடுவது நாம் செய்துவரும் அநீதி என்பதையும் இங்கே சொல்லிவைக்கவேண்டும்.

அந்தப் பங்கு எத்தகையது என்பது 1944-இன் இறுதியில் தெரிந்தது. ‘இந்துநேசன்’ ஏட்டின் இலட்சுமிகாந்தன் அந்த ஆண்டு நவம்பரில் குத்தப்பட்டு இறந்தார். கிருஷ்ணனும் தியாகராஜ பாகவதரும் கைது செய்யப்பட்டனர். 1945-இல் வாழ்நாள் தண்டனை பெற்றனர். இலண்டன் பிரிவி கவுன்சில் வரை வழக்குச் சென்று, மீண்டும் சென்னைக்கு வந்து, 1947 ஏப்ரலில் இருவரும் விடுதலையாயினர். அந்த இரண்டு ஆண்டுகளுக்கு மேலான காலத்தில், குழு கலையாமல் காத்தவர் மதுரம் அம்மையார். எஸ்.வி. சகஸ்ரநாமத்தின் துணையோடு என்.எஸ்.கே. நாடக சபையை நடத்தினார். அவர்கள் மேடையேற்றிய ‘பைத்தியக்காரன்’ 1947-இல் கிருஷ்ணன்–பஞ்சு இயக்கத்தில் படமாகவும் வந்தது. வழக்குக்குப் பிறகு பாகவதரின் புகழ் பழைய நிலைக்கு மீளவே இல்லை. கிருஷ்ணனோ முன்னிலும் உயர்ந்தார். இருவரும் ஒரே சிறைக்குப் போய், ஒரே நாளில் வெளிவந்தவர்கள். ஏன் இந்த வேறுபாடு? பாகவதரின் கலை போன காலத்துக்கு உரியது. கிருஷ்ணனின் கலை வரும் காலத்துக்கு உரியது. குரல் இனிமையைப்பற்றி நாம் பேசவில்லை. அதில் பாகவதருக்கு நிகர் பாகவதரே.

‘கலைவாணர்’ என்ற பட்டம் பம்மல் சம்பந்த முதலியாரின் கையால் 1947-இல் வந்தது. அடுத்து வந்தது ‘நல்லதம்பி’. பிராங்க் காப்ரா என்ற அமெரிக்க இயக்குநர் 1936-இல் எடுத்த ‘மிஸ்டர் டீட்ஸ் கோஸ் டு டவுன்’ படத்தைத் தழுவி அண்ணா கதை வசனம் எழுத, கிருஷ்ணன்–பஞ்சு இயக்க, கலைவாணரின் சொந்த நிறுவனம் தயாரித்து, 1949 பிப்ரவரியில் வெளிவந்தது. அண்ணாவின் எழுத்து திரைக்கு வந்தது இந்தப் படத்தில்தான். அதே மாத இறுதியிலேயே ‘வேலைக்காரி’யும் வந்துவிட்டது. செருகலாக இருந்த கோமாளி இப்போது கதையின் தலைவன். எதிர்பாராமல் ஒரு சமீனுக்கு உரியவனாகும் எளியவன் அவன்.

அந்தப் படத்திலே இடம்பெற்றதுதான் ‘கிந்தனார்’ காலட்சேபம். கலைவாணரின் பட்டறையைத் திறந்து பார்க்க விரும்புவோர் இந்த ஒன்றைப் பார்த்தாலே போதும். நந்தனார் கதை நாம் அறிந்ததே. பன்னிரண்டாம் நூற்றாண்டிலே சேக்கிழார் பாடினார். பத்தொன்பதாம் நூற்றாண்டிலே கோபாலகிருஷ்ண பாரதியார் அதைக் கீர்த்தனைகளாக்கி, நந்தனை ஆட்டிப்படைக்கும் வேதியர் ஒருவரையும் சேர்த்தார். காலட்சேப மேடையெங்கும் நந்தன் அழுதான். 1935-இல் கே.பி. சுந்தராம்பாள் ஒரு இலட்சம் ரூபாய் ஊதியம் பெற்று நந்தனாக நடித்தார். 1942-இல் தண்டபாணி தேசிகர் நடித்தார். எத்தனைமுறை எடுத்தாலும் முடிவு ஒன்றே: தில்லைக்குள் நுழைய வேண்டுமானால் நந்தன் தீயிலே இறங்கவேண்டும். உள்ளே போனவன் வெளியே வந்ததாகக் கதை இல்லை!

கலைவாணர் என்ன செய்தார்? அந்தக் கதையைத் திட்டவில்லை. நந்தனை இகழவில்லை. காலட்சேபம் என்ற வடிவத்தையும் விடவில்லை. பாகவதர் கோலம், சிப்ளாக்கட்டை, பின்பாட்டு, இடையிடையே உபகதை, எல்லாவற்றையும் அப்படியே எடுத்துக்கொண்டார். நந்தனைக் கிந்தனாக்கினார். நந்தன் தில்லைக்குப் போக ஏங்கினான்; கிந்தன் பள்ளிக்குப் போக ஏங்குகிறான். நந்தனை வேதியர் தடுத்தார். கிந்தனை ஊர் தடுக்கிறது. நந்தன் நாளைப் போவேன் என்று காத்திருந்தான்; கிந்தன் இன்றே ரயில் ஏறிவிடுகிறான். நகரத்திலே படித்து, கல்வி அதிகாரியாகித் தன் ஊர்ப் பள்ளிக்கே திரும்புகிறான். தீக்குழி இருந்த இடத்திலே நீராவி எஞ்சின்! சாதி வேற்றுமை பாராமல் எல்லாரையும் ஒரே பெட்டியில் ஏற்றிக்கொண்டு ஓடும் அந்த ரயிலைப்பற்றிய பாடலைக் கேட்டுச் சிரிக்காதவர் இல்லை. சிரித்துக்கொண்டே ஒப்புக்கொள்ளாதவரும் இல்லை.

ரயிலைத் தெரிந்தெடுத்ததிலே ஒரு நுட்பம் இருக்கிறது. பெட்டிக்குள் சாதி கலந்துதான் உட்கார்ந்தது. ஆனால் இறங்கிச் சாப்பிடப் போனால், நிலையத்துச் சிற்றுண்டிச் சாலையிலே பார்ப்பனருக்குத் தனி இடம், மற்றவருக்குத் தனி இடம். பெரியாரின் கிளர்ச்சிக்குப் பிறகு 1941-இல்தான் அந்தப் பலகைகள் இறங்கின. ‘நல்லதம்பி’ பார்க்க வந்தவர்களுக்கு அது எட்டே ஆண்டுப் பழைய செய்தி. புராண ரதத்தையோ புட்பக விமானத்தையோ சொல்லாமல், ஒவ்வொருவரும் ஏறி இறங்கிய வண்டியைச் சொன்னதால், கேட்டவன் தன் பயணத்தையே சான்றாக வைத்துக் கணக்குப் பார்க்க முடிந்தது. பெட்டியிலே தொட்டபோது ஒட்டாத தீட்டு, பள்ளிக்கூடத் திண்ணையிலே மட்டும் எப்படி ஒட்டும்?

காந்திகிராமத்திலே இருப்போருக்கு இந்த ரயில் இன்னும் கொஞ்சம் நெருக்கமானது. திண்டுக்கல்லுக்கும் மதுரைக்கும் இடையே அம்பாத்துரை நிலையத்தை ஒட்டிய நிலத்திலேதான், 1947 அக்டோபர் 7 அன்று, மருத்துவர் சௌந்தரம் அம்மையாரும் கோ. இராமச்சந்திரனும் இந்த நிறுவனத்தைத் தொடங்கினர். அதற்கு முந்தைய ஆண்டு பிப்ரவரியில் காந்தியார் மதுரையிலிருந்து பழனிக்குச் சென்ற சிறப்பு ரயில் ஓடியதும் இதே தண்டவாளத்தில்தான். இளம் வயதில் கணவனை இழந்து, மறுமணம் செய்துகொண்டவர் சௌந்தரம். அவரை மணந்த இராமச்சந்திரன், கலைவாணரைப் போலவே திருவிதாங்கூரிலே பிறந்தவர். ஆதாரக் கல்வி என்ற பெயரில் தொழிலும் படிப்பும் இணைந்த பள்ளியைக் கிராமத்துக்குள்ளேயே வைப்பது அவர்கள் நோக்கம்.

எனவே இரண்டு விடைகள் ஏறத்தாழ ஒரே காலத்தில் எழுந்தன. சேரிப் பிள்ளைக்குப் படிப்பு எப்படிக் கிட்டும் என்ற கேள்விக்கு, பள்ளியைக் கிராமத்துக்குக் கொண்டுவருவோம் என்றது காந்திகிராமம். கிராமத்தை விட்டு ரயிலேறு என்றான் 1949-இன் கிந்தன். கலைவாணர் காந்தியாரிடம் பெரும் பற்றுக் கொண்டவர்; நாகர்கோவிலிலே காந்தி நினைவுத்தூணை எழுப்பியவர். அப்படியிருந்தும், கிராமமே நாட்டின் உயிர் என்ற பேச்சை அவர் கிந்தனிடம் சொல்ல முன்வரவில்லை. சுசீந்திரத்துத் தெருக்களின் கதை தெரிந்தவர் அல்லவா! ஆனால் அவர் கிந்தனை நகரத்திலேயே விட்டுவிடவும் இல்லை என்பதைக் கவனியுங்கள். அதிகாரியாக ஊருக்கே திரும்ப வைத்தார். திரும்பி வரும் அந்தக் காட்சி இல்லையென்றால் ‘கிந்தனார்’ ஒரு தப்பியோடியவனின் கதை. அந்தக் காட்சியால் அது ஊரைத் திருத்தும் கதை. இந்த ஒரு முடிவை அமைத்ததிலே தெரியும் அறிவு, ஆயிரம் சிரிப்பு வெடிகளிலும் பெரியது.

சிலர் அவரை இந்தியாவின் சார்லி சாப்ளின் என்பர். பாராட்டாகச் சொல்வதுதான், எனினும் அந்த ஒப்புமை சற்றுத் தடம் மாறியது. சாப்ளின் 1914-லேயே தம் படங்களைத் தாமே இயக்கத் தொடங்கியவர். பின்னாளில் சொந்தக் கூடமும் கைநிறையப் பணமும் இருந்ததால், ‘சிட்டி லைட்ஸ்’ படத்துக்காகப் பூக்காரிப் பெண்ணின் ஒரே காட்சியை முந்நூறு முறைக்கு மேல் எடுக்க அவரால் முடிந்தது. அவர் கழித்துப்போட்ட சுருள்களைத் தொகுத்து 1983-இல் ஓர் ஆவணப்படமே வந்தது. கேமராவின் முன்னே தேடித் தேடி நகைச்சுவையைக் கண்டுபிடிப்பது அவர் வழி என்று அது காட்டிற்று. கலைவாணருக்கு அந்த வசதி இல்லை. பிறர் படத்திலே கிடைத்த நேரத்தில் எடுத்து முடிக்கவேண்டும். ஆகவே அவருடைய தேடலெல்லாம் கேமராவுக்கு முன்பே, நாடகமேடையிலும் நண்பர் பேச்சிலும் முடிந்துவிடும். சாப்ளின் ஊமைப் படத்தில் வளர்ந்தவர், உடல் பேசும். நம்மவர் வில்லுப்பாட்டில் வளர்ந்தவர், சொல் பேசும். கேட்பவன் ‘ஆமாம்’ என்பதற்கு எங்கே நிறுத்தவேண்டும் என்பது அவருக்குத் தெரியும். அந்த நிறுத்தத்தில்தான் அவர் கலை இருக்கிறது.

இனி, அவர் தம் பெயரிலே இயக்கிய இரண்டு படங்கள். 1951-இல் ‘மணமகள்’. முன்ஷி பரமு பிள்ளையின் நாடகத்தைத் தழுவியது, வசனம் மு. கருணாநிதி. பத்மினியைத் தமிழிலே கதாநாயகி ஆக்கியது இந்தப் படம். 1952 டிசம்பரில் ‘பணம்’. ‘பராசக்தி’ வந்து இரண்டே மாதம் கழிந்திருந்தது. சிவாஜி கணேசனும் பத்மினியும் இணைந்து நடித்தனர். வசனம் மீண்டும் கருணாநிதி. வரதட்சணையின் கொடுமையே கதை. இசையமைப்பாளர் சி.ஆர். சுப்பராமன் அந்த ஆண்டு இளம் வயதில் மறைந்துவிடவே, அவரிடம் துணைவர்களாக இருந்த விசுவநாதனையும் இராமமூர்த்தியையும் இரட்டையராக இணைத்து ‘பணம்’ படத்தில் அறிமுகப்படுத்தினார் கலைவாணர். அவரே அந்த யோசனையைச் சொன்னார் என்று விசுவநாதன் பிற்காலத்தில் நினைவுகூர்ந்ததுண்டு. ஆள் அறியும் கண் என்பது இயக்குநருக்கு வேண்டிய முதல் கண்; அது அவருக்கு இருந்தது.

இதே படத்தில்தான், தி.மு.க. என்ற மூன்றெழுத்தைப் பாட்டிலே உரக்க ஒலித்துவிட்டு, திருக்குறள் முன்னணிக் கழகம் என்று அதற்கு விரிவு சொன்னார். தணிக்கைக்காரர் கத்தரியை எடுக்கமுடியுமா? எடுத்தால் வள்ளுவரை வெட்டினார்கள் என்ற பழி வரும்! கட்டியங்காரனின் பழைய தந்திரம் இது. வணங்குவது போலக் குனிந்து, அரசனின் காலடியிலே இருக்கும் கம்பளத்தை உருவுவது.

ஆயினும் நம் மதிப்பீட்டை மறைப்பது நேர்மையாகாது. ‘மணமகள்’, ‘பணம்’ இரண்டும் நல்ல படங்கள், வெற்றியும் பெற்றன. ஆனால் அவற்றிலே கலைவாணரின் முத்திரை ‘கிந்தனா’ரில் விழுந்த அளவுக்கு ஆழமாக விழவில்லை. முழுநீளக் கதையின் பொறுப்பு தோளில் ஏறியதும், கண்ணீர்க் காட்சிகளையும் நீண்ட வசனங்களையும் அவர் சுமக்கவேண்டியதாயிற்று. அந்தக் காலத்துப் படத்தின் இலக்கணம் அது. கதைக்கு வெளியே நின்று பேசும் உரிமையிலே பிறந்த கலைஞன், கதையின் உள்ளே தலைவனாக அமர்ந்ததும் அந்த உரிமையில் கொஞ்சம் இழந்தான். சில பாடல்கள் வேடிக்கையை விட்டு அறிவுரையாக நீண்டதும் உண்டு. பிற்காலப் படங்களிலே அது மிகுந்தது. சீர்திருத்த நாடகம் எழுதும் தோழர்கள் ‘பணம்’ படத்தைப் பார்க்கலாம். ஆனால் ‘கிந்தனா’ரை மனப்பாடமாக அறிந்திருக்கவேண்டும். எந்த இடத்தில் பாகவதர் பேச்சை நிறுத்துகிறார், எந்த இடத்தில் பின்பாட்டு வாங்குகிறது, ஊரைச் சாடாமல் ஊரின் செயலை மட்டும் எப்படிக் காட்டுகிறார் என்று எண்ணி எண்ணிப் பார்க்கவேண்டும்.

இன்னொன்றும் நாம் கண்டது. அவருடைய நகைச்சுவையில் அடி விழுவது மேலே இருப்பவன்மேல், அல்லது தம்மேல். பசித்தவனைக் கேலி செய்து அவர் கைதட்டல் வாங்கியதில்லை. ஏமாந்தவனைக் காட்டும்போதும், ஏமாற்றியவனின் வித்தையைத்தான் முன்னே நிறுத்துவார். உள்ளத்தின் இரக்கம் என்று இதைச் சொல்லிவிட்டுப் போய்விடலாம். தொழில்முறை என்றும் சொல்லலாம். எதிரே உட்கார்ந்திருப்பவனும் ஏமாந்தவன்தான். அவனைப் பார்த்துச் சிரித்தால் அவன் எழுந்து போய்விடுவான். அவனோடு சேர்ந்து சிரித்தால் உட்கார்ந்து கேட்பான்.

தம் கலையைப்பற்றி அவர் நூல் எழுதி விளக்கவில்லை. ஆனால் 1956-இல் வெளிவந்த ‘ராஜா ராணி’யிலே ஒரு காட்சி உண்டு. மேடையிலே நின்று சிரிப்பு என்பதைப்பற்றியே பாடுகிறார், பேசுகிறார். சிரிப்பிலே எத்தனை வகை, எவன் எப்படிச் சிரிப்பான், எந்தச் சிரிப்பு உறவை வளர்க்கும், எது நஞ்சு, என்று ஒவ்வொன்றாகச் சிரித்துக் காட்டுகிறார். முப்பதாண்டு மேடையிலே நின்று, எதிரே இருட்டிலே இருந்த முகங்களிலிருந்து அவர் பொறுக்கி எடுத்த பாடம் அது. பொற்கொல்லன் தன் உரைகல்லை வெளியே எடுத்து வைத்து, பொன்னை இப்படித்தான் உரைத்துப் பார்ப்பேன் என்று தெருவுக்கே காட்டியது போல! அந்தக் காட்சியிலே அவர் சிரிக்கும் விதவிதமான சிரிப்புக்களில் ஒன்றுகூட அவருடைய சொந்தச் சிரிப்பு அன்று. எல்லாம் கேட்டுக்கேட்டுச் சேர்த்தவை.

அப்போது அவருக்கு உடல்நலம் இல்லை. கையிலே பணமும் இல்லை. 1957 ஆகஸ்ட் 30 அன்று, 48 ஆவது வயதில் மறைந்தார். 1937-இல் ‘அம்பிகாபதி’யில் நடித்தவர், இருபது ஆண்டு கழித்து அதே கதை மீண்டும் படமானபோதும் நடித்திருந்தார். அந்த ஆண்டுத் தீபாவளிக்குக் கொட்டகைகளில் அந்தப் படம் ஓடியது. திரையிலே அவர் வந்ததும் மக்கள் சிரித்தார்கள்.